எல்லை எங்கே மீறப்பட்டது?

(மதுரையில் இளம் வழக்கறிஞர்களும் பொதுமக்களும் கலந்துகொண்ட கூட்டத்தில் ஆற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



‘கொலை வழக்கில் ஆயுள் தண்டனை ஏழாண்டாகக் குறைப்பு: உயர் நீதிமன்றம் தீர்ப்பு’ என்று பத்திரிகையில் மாதம் ஒரு செய்தியாவது வந்துவிடுகிறது. அதைப் படித்துவிட்டு டீக்கடையில் என்ன பேசிக்கொள்வார்கள் என்று உங்களுக்குத் தெரியும். “பெரிய வக்கீலா வச்சிருப்பான்” என்பார் ஒருவர். “ஆளு செத்தது செத்ததுதானே, அதுல என்ன பாதிக் கொலை?” என்பார் இன்னொருவர். முதலாமவருக்கு நான் பதில் சொல்லப் போவதில்லை. இரண்டாமவர் கேட்பது நியாயமான கேள்வி. தற்காப்பு வழக்குகளை வைத்து, இன்றைய பேச்சு அதைப் பற்றித்தான்.

முதலில் எது எவ்வளவு குறைகிறது என்று பார்த்துவிடுவோம். பழைய இந்தியத் தண்டனைச் சட்டத்தின் எண்களிலேயே பேசுகிறேன். கொலை என்றால் நம் வாயில் இன்னும் 302-தான் வருகிறது. மேல்முறையீட்டில் நிற்கும் வழக்குகளிலும் பெரும்பாலும் அதுதான் இருக்கிறது. 302-இல் ஆயுள் தண்டனை பெற்றவரை, அரசு சலுகை காட்ட நினைத்தாலும், 14 ஆண்டு உள்ளே இருக்காமல் விட முடியாது. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 433-ஏ கையைக் கட்டிவைத்திருக்கிறது. அதே வழக்கு, கொலையாகாத மரணம் விளைவித்தலுக்கான 304 பாகம் ஒன்றுக்கு மாறினால் நீதிபதிக்கு இடம் கிடைக்கிறது. ஆயுளும் கொடுக்கலாம், பத்தாண்டு வரை எவ்வளவு வேண்டுமானாலும் கொடுக்கலாம். ‘ஏற்கெனவே அனுபவித்த காலமே போதும்’ என்று எழுதி அன்றே விடவும் செய்யலாம். ஒரு குடும்பத்தில் பிள்ளை பள்ளிக்கூடம் முடிக்கும் முன்பு அப்பா வீடு திரும்புவாரா இல்லையா என்பது இந்த ஒரு எண் மாற்றத்தில் இருக்கிறது.

தற்காப்பில் இந்த மாற்றம் எந்த வழியாக வருகிறது? தற்காப்பு உரிமைக்குள் நின்று செய்த செயல் குற்றமே அல்ல என்கிறது 96-ஆம் பிரிவு. எந்தெந்தச் சூழலில் அந்த உரிமை எதிராளியின் உயிரை எடுப்பது வரைகூடப் போகும் என்பதை 100-ஆம் பிரிவு சொல்கிறது: உயிருக்கு ஆபத்து, கொடுங்காயம், பாலியல் வன்முறை, கடத்தல், 2013-க்குப் பிறகு அமில வீச்சு. இந்த எல்லைக்குள் நின்றவருக்கு முழு விடுதலை. எல்லையைத் தாண்டிவிட்டவருக்கு, ஆனால் நல்லெண்ணத்தோடு, முன்யோசனை இல்லாமல், தேவைக்கு மேல் தீங்கு செய்யும் எண்ணம் இல்லாமல் தாண்டியவருக்கு, 300-ஆம் பிரிவின் இரண்டாம் விதிவிலக்கு. அங்கேதான் கொலை என்பது கொலையாகாத மரணம் விளைவித்தலாகக் குறைகிறது.

சட்டமே இதற்கு ஓர் உதாரணம் தருகிறது. ஒருவன் குதிரைச் சவுக்கால் இன்னொருவனை அடிக்க வருகிறான். கொடுங்காயம் படும் அளவுக்கு அல்ல. அடிபடுபவன் கைத்துப்பாக்கியை எடுக்கிறான். அதைப் பார்த்தும் மற்றவன் நிறுத்தவில்லை. சவுக்கடியிலிருந்து தப்ப வேறு வழியே இல்லை என்று உண்மையாகவே நம்பி இவன் சுட்டுவிடுகிறான், அவன் சாகிறான். இது கொலை அல்ல, அதைவிடக் குறைந்த குற்றம். குதிரையும் போய்விட்டது, சவுக்கும் போய்விட்டது, புதிய நியாயச் சட்டமே வந்துவிட்டது. இந்த உதாரணம் மட்டும் அப்படியே உட்கார்ந்திருக்கிறது.

இதை எழுதியவர்கள் மெக்காலே தலைமையிலான ஆணையத்தார். 1837-இல் அவர்கள் தந்த வரைவிலேயே, தற்காப்பில் விளைந்த மரணம் கொலையிலிருந்து பிரிக்கப்பட்டுத் தனி வகையாக நின்றது. இந்தியர்கள் அளவுக்கு மீறிப் பொறுத்துப் போகிறவர்கள், அவர்களுக்குக் கொஞ்சம் துணிச்சல் ஊட்ட வேண்டும் என்கிற தொனியில் மெக்காலே குறிப்பும் எழுதி வைத்திருக்கிறார். நம்மைப் பற்றி அவர் வைத்திருந்த அபிப்பிராயம் எப்படியோ போகட்டும். அதன் விளைவாக நமக்குக் கிடைத்த சட்டம் அவருடைய சொந்த நாட்டுச் சட்டத்தைவிட மேலானது என்பது என் கருத்து.

ஏன் என்று கேட்டால், இங்கிலாந்தில் இந்த நடுப்படி நீண்ட காலம் இல்லவே இல்லை. தற்காப்பு என்றால் முழு விடுதலை. அளவு மீறினால் கொலை. 1971-இல் ஜமைக்காவிலிருந்து வந்த பாமர் வழக்கில் பிரிவி கவுன்சில் இதை உறுதியாகச் சொன்னது. அதன் கூர்மையை கிளெக் வழக்கில் பார்க்கலாம். 1990-இல் மேற்கு பெல்ஃபாஸ்டில், சோதனைச் சாவடியில் நிற்காமல் வந்த ஒரு திருட்டுக் காரை நோக்கி, லீ கிளெக் என்கிற ராணுவச் சிப்பாய் நான்கு முறை சுட்டார். முதல் மூன்று குண்டுகள் கார் தங்களை நோக்கி வரும்போது. அவற்றில் குற்றமில்லை என்றது விசாரணை நீதிமன்றம். நான்காவது குண்டு கார் கடந்து போன பிறகு. அதில்தான் பின் இருக்கையில் இருந்த 18 வயதுப் பெண் இறந்தார். ஆபத்து நீங்கிய பிறகு சுட்டது அளவு மீறல், ஆகவே கொலை, ஆகவே ஆயுள். 1995-இல் பிரபுக்கள் சபை, இதைக் குறைந்த குற்றமாக்க எங்களுக்கு அதிகாரமில்லை, சட்டத்தை மாற்றுவதானால் நாடாளுமன்றம்தான் மாற்ற வேண்டும் என்று கைவிரித்துவிட்டது. பிறகு புதிய தடயச் சான்றுகள் வந்து 1998-இல் அந்தத் தண்டனை ரத்தாகி, 1999-இல் மறுவிசாரணையில் கொலைக் குற்றச்சாட்டிலிருந்து அவர் விடுதலையானார். அது வேறு கதை. வன்முறைக்கு அஞ்சித் தன்வசம் இழந்து கொன்றவருக்குக் குற்றத்தைக் குறைக்கும் ஒரு வழியை இங்கிலாந்து திறந்தது 2009-இல் இயற்றிய சட்டத்தின் மூலம்தான். நம்மிடம் அது 1862 ஜனவரி 1-ஆம் தேதி முதலே இருந்தது.

இவ்வளவு நல்ல விதிவிலக்கு, நம் நீதிமன்றங்களில் என்ன பாடுபடுகிறது? ஒரு வழக்கைக் கற்பனை செய்துகொள்வோம். நம் பக்கத்து வழக்குதான்.

பங்காளிகள் இருவர். நடுவில் ஒரு வாய்க்கால் மடை. விடிகாலையில் இளையவர் மடையைத் திறக்கப் போகிறார். புல்லறுக்கிற அரிவாள் இடுப்பில் இருக்கிறது. மூத்தவர் மகனோடு வருகிறார், கையில் மண்வெட்டி. வாய்த்தகராறு. மண்வெட்டிக் காம்பு இளையவரின் நெற்றிப்பொட்டுக்கு மேலே இறங்குகிறது. இரண்டாவது முறை ஓங்கும்போது இவர் அரிவாளை வீசுகிறார். கழுத்தில் ஒரு வெட்டு. மூத்தவர் வரப்பிலேயே விழுகிறார்.

இனி நடப்பதைக் கவனியுங்கள். இளையவர் தலையில் துண்டைக் கட்டிக்கொண்டு அரசு மருத்துவமனைக்கு ஓடுகிறார். பணியிலிருக்கும் மருத்துவர் விபத்துப் பதிவேட்டில் எழுதுகிறார்: இத்தனை மணிக்கு, இன்ன இடத்தில், தெரிந்த நபரால், மண்வெட்டிக் காம்பால் தாக்கப்பட்டதாகச் சொன்னார், இடது நெற்றிக்கு மேல் கிழிந்த காயம், நீளம் இத்தனை, எலும்பு தெரிகிறது. நான்கு வரி. வழக்கின் உயிர்நாடி அந்த நான்கு வரி. ஆனால் அதே நேரத்தில் காவல் நிலையத்தில் மூத்தவரின் மகன் பிராது கொடுத்துக்கொண்டிருக்கிறார். அந்தப் பிராதில் மண்வெட்டியே இல்லை. “இன்றோடு ஒழிந்தாய்” என்று கத்திக்கொண்டு அரிவாளோடு ஓடிவந்தார், வெட்டினார், ஓடிவிட்டார். மறுநாள் காலை பேருந்து நிறுத்தத்தில் கைது செய்ததாக எழுதுவார்கள். ஒப்புதல் வாக்குமூலம், அரிவாள் கைப்பற்றல், மகஜர், இரண்டு சாட்சிக் கையெழுத்து. குற்றப்பத்திரிகையோடு வரும் ஆவணக் கட்டில் இறந்தவரின் பிரேதப் பரிசோதனை அறிக்கை இருக்கும். எதிரியின், அதாவது குற்றம் சாட்டப்பட்டவரின், காயச் சான்று இருக்காது.

ஒரே சம்பவத்தில் இரு தரப்பும் புகார் கொடுத்தால் இரண்டையும் ஒரே அதிகாரி விசாரித்து, யார் முதலில் தாக்கினார்கள் என்று கண்டறிந்து, எதிர்த்தரப்பின் புகாரையும் காயச் சான்றையும் நீதிமன்றத்தின் முன் வைக்க வேண்டும் என்று தமிழ்நாட்டுக் காவல் நிலையாணையில், 588-ஏ என்று நாம் பல காலமாகச் சொல்லிவரும் விதியில், தெளிவாகவே இருக்கிறது. அந்த விதியை நீதிமன்றத்தில் நாம் எத்தனை முறை படித்துக் காட்டியிருப்போம்! படித்துக் காட்ட வேண்டியிருக்கிறது என்பதே அது எப்படிப் பின்பற்றப்படுகிறது என்பதற்குச் சாட்சி.

1976-இல் லட்சுமி சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது இங்கே வருகிறது. சம்பவத்தின்போதே எதிரிக்கும் பலமான காயம் பட்டிருந்து, அரசுத் தரப்பு அதற்கு விளக்கமே தரவில்லை என்றால், சம்பவம் எப்படித் தொடங்கியது என்பதை அரசுத் தரப்பு மறைத்துவிட்டது என்று கருதலாம்; காயத்தைப் பார்க்கவே இல்லை என்னும் சாட்சி முக்கியமான இடத்தில் பொய் சொல்கிறார் என்றும் கருதலாம்; எதிரி சொல்லும் கதைக்கு அதனால் வலு கூடுகிறது. சிராய்ப்புக்கெல்லாம் இது பொருந்தாது. எலும்பு தெரியும் காயத்துக்குப் பொருந்தும்.

ஆகவே, மேல்முறையீட்டில் தண்டனை குறைவது என்பது சம்பவம் நடந்த முதல் இருபத்து நான்கு மணி நேரத்தில் முடிவாகிற விஷயம். இங்கே உட்கார்ந்திருக்கும் இளைஞர்கள் ஒன்றை மனத்தில் வையுங்கள். ரிமாண்டுக்கு வரும்போது எதிரியின் தலையைப் பாருங்கள். காயத்தை மாஜிஸ்திரேட்டிடம் காட்டிப் பதிவு செய்யச் சொல்லுங்கள். மருத்துவமனைப் பதிவேடு கிடைக்காவிட்டாலும், சிறைக்குள் நுழையும்போது உடலில் என்ன காயம் இருந்தது என்று சிறைப் பதிவேட்டில் எழுதுவார்கள், அதை வரவழைக்கலாம். மேல்முறையீட்டில் கூடுதல் சாட்சியம் பெற நடைமுறைச் சட்டத்தில் முன்பு 391-ஆம் பிரிவு, இப்போது புதிய நடைமுறைச் சட்டத்தில் 432 இருக்கிறது. ஆனால் பத்தாண்டு கழித்து உயர் நீதிமன்றத்தில் அந்தப் பதிவேட்டைத் தேடுவது எப்படிப்பட்ட வேலை என்பது தேடியவர்களுக்குத் தெரியும்.

அடுத்த கோளாறு நம் தரப்பில். செஷன்ஸ் கோர்ட்டில் நமக்கு ஒரு பயம். தற்காப்பு என்று சொன்னால் வெட்டியதை ஒப்புக்கொண்டதாகிவிடுமே! அதனால் எதிரி அந்த இடத்திலேயே இல்லை, முன்விரோதத்தால் பொய்யாகச் சேர்த்துவிட்டார்கள் என்று எல்லாவற்றையும் மறுக்கிறோம். நீதிபதி கேட்கும் கடைசிக் கேள்விகளுக்கு எதிரியும் “பொய்” “பொய்” என்று ஒற்றைச் சொல்லில் பதில் சொல்லிவிட்டு வருகிறார். தண்டனை கிடைத்த பிறகு, மேல்முறையீட்டில் புதிதாக வரும் வழக்கறிஞர் எழுந்து தற்காப்பு என்கிறார். அதற்கும் சட்டத்தில் இடமுண்டு. 1967-இல் முன்ஷி ராம் வழக்கில் உச்ச நீதிமன்றம், எதிரி தன் வாயால் சொல்லாவிட்டாலும் பதிவான சாட்சியத்திலிருந்தே தற்காப்பு வெளிப்பட்டால் நீதிமன்றம் அதைப் பார்க்கத்தான் வேண்டும் என்றது. நிரூபிக்கும் சுமை எதிரிமேல் இருந்தாலும் அரசுத் தரப்பைப் போல ஐயம் திரிபற நிரூபிக்க வேண்டியதில்லை. இப்படி நடந்திருக்கவே வாய்ப்பு அதிகம் என்று காட்டினால் போதும். ஆனாலும், மருத்துவரைக் குறுக்கு விசாரணை செய்தபோது எதிரியின் காயத்தைப் பற்றி ஒரு கேள்விகூடக் கேட்காதவர் சார்பில், மேல்முறையீட்டில் எவ்வளவு தூரம் பேச முடியும்? வழக்கு விவரம் அழுத்தமாக இருந்தால், தைரியமாக முதலிலேயே சொல்லுங்கள்.

இப்போது உயர் நீதிமன்ற பென்ச்சுக்கு வருவோம். இங்கேதான் எனக்கு ஒரு மனக்குறை உண்டு. வெளிப்படையாகவே சொல்லிவிடுகிறேன்.

இரண்டாம் விதிவிலக்கு நடுவழியாக இருப்பதால், அது வசதியான வழியாகவும் ஆகிவிட்டது. ஒருவர் இறந்திருக்கிறார், முழு விடுதலை கொடுக்க மனம் வரவில்லை. எதிரிக்கும் தலையில் பலமான அடி. 302-ஐ உறுதி செய்யவும் மனம் வரவில்லை. தற்காப்பு உரிமை இருந்தது, ஆனால் எல்லை மீறினார், 304 பாகம் ஒன்று, ஏழாண்டு. எந்த இடத்தில் எல்லை மீறினார் என்று தீர்ப்பில் தேடினால் பல நேரம் ஒரு வாக்கியம்தான் இருக்கும்: எதிராளியிடம் இருந்தது கம்பு, இவரிடம் இருந்தது அரிவாள். ஆயுதத்துக்கு ஆயுதம் தராசில் வைத்து நிறுத்தால் தற்காப்பு என்ற உரிமையே இல்லாமல் போகும்.

உச்ச நீதிமன்றம் இதைப் பல முறை திருத்தியிருக்கிறது. 1950-இல் மத்தியப் பிரதேசத்தின் கட்னி நகரத்தில் கலவரம். ஒரு கடைக்காரர், பக்கத்திலேயே அவருடைய சகோதரரின் கடை. அந்தக் கடையைக் கூட்டம் சூறையாடிவிட்டு இவருடைய கதவைக் கம்பால் அடித்துக்கொண்டிருக்கிறது. உள்ளே குடும்பம். அவர் இரண்டு முறை சுட்டார்; ஒருவர் இறந்தார், சிலர் காயமடைந்தார்கள். கீழ் நீதிமன்றங்களில் தண்டனை. 1952-இல் அம்ஜத் கான் வழக்கு என்று அது உச்ச நீதிமன்றத்துக்கு வந்தபோது, நீதிபதி விவியன் போஸ் அவரை விடுதலை செய்தார். கூட்டம் கதவை உடைத்து உள்ளே வரும்வரை காத்திருக்கச் சட்டம் சொல்லவில்லை. அந்த நேரத்தில் செய்ததைப் பொன் நிறுக்கும் தராசில் வைத்து அளக்கவும் கூடாது என்பது தீர்ப்பின் சாரம். தேவ் நாராயண் வழக்கு, உத்தரப் பிரதேசத்து நிலத்தகராறு. தலையில் லத்தியடி வாங்கியவர் ஈட்டியால் குத்தினார். லத்திக்கு ஈட்டி அதிகம் என்றது உயர் நீதிமன்றம். தலை என்பது ஒரு லத்தியடியே உயிரைக் குடித்துவிடக்கூடிய இடம். அடுத்த அடி விழும்வரை அவர் ஏன் காத்திருக்க வேண்டும் என்று கேட்டு விடுதலை செய்தது உச்ச நீதிமன்றம். 2010-இல் தர்ஷன் சிங் வழக்கில் நீதிபதி தல்வீர் பண்டாரி இந்தத் தீர்ப்புகளையெல்லாம் திரட்டிப் பத்து விதிகளாகவே எழுதிவைத்தார்.

இதற்கு மறுபக்கம் இல்லாமல் இல்லை. பஞ்சாபிலிருந்து வந்த ஒரு தொழிற்சாலை முதலாளியின் வழக்கு: சம்பளத் தகராறு, தொழிலாளர்கள் செங்கல் எறிகிறார்கள், அவர் சுட்டார், ஒரு தொழிலாளி இறந்தார். எறிவதைத் தடுக்க அவருக்கு உரிமை இருந்தது, உயிரை எடுக்க இல்லை என்று 304-இல் நிறுத்தினார்கள். சரியான தீர்ப்பு. நம் மடைத் தகராறிலும், முதல் வெட்டில் மூத்தவர் விழுந்துவிட்டார், மண்வெட்டி கைநழுவிவிட்டது, அதன் பிறகும் இளையவர் குனிந்து இன்னொரு வெட்டு வெட்டினார் என்றால் அந்த இரண்டாவது வெட்டுக்குத்தான் இந்த விதிவிலக்கு. விரட்டிப் போய் வெட்டினார் என்றால் அதுவும் கிடையாது. ஆபத்து ஓடும்போது உரிமையும் கூடவே போய்விடுகிறது. நான் கேட்பது ஒன்றுதான்: எல்லை மீறினார் என்று எழுதும் பென்ச், எந்த நொடியில், எந்த வெட்டில் மீறினார் என்று காட்ட வேண்டும். காட்ட முடியாவிட்டால் அது விடுதலை வழக்கு.

இன்னொன்றும் உண்டு. தற்காப்பு உரிமை இருந்தது என்று ஏற்றுக்கொண்டால், கூட நின்ற தம்பி, மகன், மைத்துனர் எல்லோரையும் சட்டவிரோதக் கூட்டம் என்று 149-இல் கட்டிப்போட முடியாது. எல்லை மீறியவர் யாரோ அவர் மட்டும் பதில் சொல்ல வேண்டும். ஏழு பேர் உள்ளே இருக்கும் வழக்கில் ஆறு பேர் வெளியே வருவது இந்தக் கதவு வழியாகத்தான்.

பெண்களைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லாமல் போக முடியாது. 2012-இல் இதே மதுரையில், மகளிடம் தவறாக நடக்க முயன்ற கணவனை மனைவி கிரிக்கெட் மட்டையால் அடித்ததில் கணவன் இறந்துபோனான். அந்த மனைவியை, 100-ஆம் பிரிவின்படி இது தற்காப்பு என்று காவல் கண்காணிப்பாளரே விசாரணைக் கட்டத்தில் விடுவித்தார். அதை நீதிமன்றத்துக்கு விட்டிருக்க வேண்டும் என்று அன்று பலர் வாதிட்டார்கள். நான் அவர்களோடு சேரவில்லை. ஆனால் அது அடி நடக்கும் நேரத்தில் திருப்பி அடித்த வழக்கு. பத்தாண்டு அடி வாங்கிவிட்டு, அவன் தூங்கும்போது கொன்றவளுக்கு நம் தற்காப்புச் சட்டம் எதையும் தருவதில்லை. இங்கிலாந்தில் கிரண்ஜித் அலுவாலியாவின் கொலைத் தண்டனை 1992-இல் மேல்முறையீட்டில் ரத்தானது; அங்கும் தற்காப்பு உதவவில்லை, மனநிலை பாதிப்பு என்ற வழியாகத்தான் குற்றம் குறைந்தது. சென்னை உயர் நீதிமன்றம் 1989-இல், குழந்தைகளோடு கிணற்றில் விழுந்து தான் மட்டும் பிழைத்த ஒரு தாயின் வழக்கில், நல்லதங்காளின் பெயரைச் சொல்லியே நெடுநாள் மனக்கொதிப்பை ஏற்றுக்கொண்டு கொலைக் குற்றத்தைக் குறைத்தது. அது சினமூட்டல் என்கிற முதல் விதிவிலக்கை நீட்டிய தீர்ப்பு. இரண்டாம் விதிவிலக்கை அப்படி நீட்டிப் பார்க்க இன்னும் இடம் இருக்கிறது என்றே நினைக்கிறேன்.

கடைசியாக, புதிய சட்டம். 2024 ஜூலை 1 முதல் நடந்த சம்பவங்களுக்கு பாரதிய நியாய சன்ஹிதா. தற்காப்பு 34 முதல் 44 வரை. கொலையின் இலக்கணம் 101, தண்டனை 103. நம் 304 இப்போது 105. சொற்கள் பெரும்பாலும் பழையவைதான். ஆனால் 105-இன் முதல் பகுதியில், பத்தாண்டு வரை என்றிருந்த தண்டனைக்கு ஐந்தாண்டுக்குக் குறையாமல் என்று ஒரு தரைமட்டம் போட்டுவிட்டார்கள். இதைப் பற்றி யாரும் அதிகம் பேசவில்லை. எல்லை மீறியது நூலளவுதான், இரண்டாண்டு உள்ளே இருந்ததே போதும் என்று ஒரு பென்ச் நினைத்தால், பழைய சட்டத்தில் அப்படியே எழுதிவிடலாம். இனி எழுத முடியாது. கொல்லும் எண்ணம் இல்லை, விளைவு தெரிந்திருந்தது என்று மட்டும் கண்டு, குறைந்தபட்சத் தண்டனை இல்லாத இரண்டாம் பகுதிக்குப் போக வேண்டும். அல்லது எல்லை உண்மையிலேயே மீறப்பட்டதா என்ற கேள்விக்குத் திரும்ப வேண்டும். குதிரைச் சவுக்கு உதாரணத்தில் சுட்டவனுக்குக்கூட இன்று ஐந்தாண்டு நிச்சயம்.

அதனால் மேல்முறையீட்டு மனு எழுதும்போது, தண்டனையைக் குறைக்கச் சொல்லி மட்டும் எழுதிவிட்டு நிற்காதீர்கள். முதல் காரணமாக 34-ஐயும் 38-ஐயும் வைத்து முழு விடுதலை கேளுங்கள். எதிரியின் காயச் சான்றைச் சான்றாவண எண்ணோடு அங்கேயே குறிப்பிடுங்கள். 105 அதற்குக் கீழே மாற்று வேண்டுகோளாக வரட்டும்.

கேள்விகள் இருந்தால் கேட்கலாம்.